இரண்டாயிரம் பைட் அப்பா

உப்பளம், புதுச்சேரி
15 செப்டம்பர் 2002

கண்ணு அமிர்தவல்லிக்கு அப்பா எழுதுவது.

நீ படிக்கப் பாரிசுக்கு நல்லபடியாகப் போய்ச் சேர்ந்த சேதியை செல்வாம்பாள் அத்தை போனில் சொன்னாள். "பொண்ணு வந்துட்டாடா வெற்றி, வாய்தான் இன்னும் வரல" என்றாள். சென்னை ஏர்போர்ட் வரைக்கும் என்னிடம் ஒரு வார்த்தை பேசாமல் வந்தவள், என் அக்காவிடமும் அதே கஞ்சத்தனம்தான் என்று கேட்டதில் எனக்கு ஒரு சின்ன ஆறுதல்.

நடந்ததை நானே ஒரு தடவை எழுதிவிடுகிறேன். பிற்பாடு நீ ஒரு கதை, உன் அம்மா ஒரு கதை என்று ஓடக்கூடாது. நீ கிளம்புகிற வாரம் உன் கிராஃப் கால்குலேட்டரில் எழுத்து மங்கலாகத் தெரிந்தது. அந்நிய தேசத்தில் பிள்ளை பேட்டரிக்கு அலையக்கூடாது என்று நாலு பேட்டரியையும் கழற்றினேன். பக்கத்தில் சட்டைப் பொத்தான் மாதிரி ஒன்று இருந்தது. அதை மட்டும் ஏன் விடவேண்டும் என்று அதையும் கழற்றினேன். டெம்போ பேட்டரி முனையைத் துடைக்கிற மாதிரி பெட்ரோல் துணியால் துடைத்து, புதுசு போட்டு, பட்டனை அழுத்தினேன். 'ராம் கிளியர்டு' என்று திரையில் வந்தது. துடைத்ததற்கு மெஷின் கொடுக்கிற நற்சான்றிதழ் என்று நினைத்து, உன் அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

இரண்டு வருஷமாக நீ உட்கார்ந்து எழுதி வைத்த புரோகிராம் அத்தனையும் போய்விட்டது என்பது, நீ வந்து பார்த்துச் சத்தமே இல்லாமல் அழுதபோதுதான் எனக்குத் தெரிந்தது.

சரி. அப்பா இப்போது மன்னிப்புக் கேட்பார் என்று எதிர்பார்த்தால் ஏமாந்து போவாய். கேட்கமாட்டேன். கேட்டால் பேட்டரி மாற்றியது குற்றம் என்றாகிவிடும். பஸ் ஸ்டாண்டுக்கும் அரியாங்குப்பத்துக்கும் நடுவில் ஷேர் டெம்போ ஓட்டிப் பிழைக்கிறவன் நான். நடுவழியில் வண்டி நிற்பதைவிடப் பெரிய பாவம் எனக்குத் தெரியாது. அந்தக் கொள்கையில் மாற்றமில்லை.

ஆனால் காலி வண்டியை ஓட்டுவதும் எனக்குப் பிடிக்காது. நீ உறவுக்காரர் வீடுகளுக்குச் சொல்லிக்கொள்ளப் போயிருந்த சாயங்காலங்களில், பக்கத்து வீட்டு ஹாஜா பாய் மகள் நூரீனைப் பிடித்தேன். உன்கூடப் படித்தவள், அந்த மெஷின் அவளுக்கு அத்துப்படி.

"இதுல எழுத்து போட முடியுமாம்மா?"

"போடலாம் மாமா. ஆனா தமிழ் வராது."

"இங்கிலீஷ் எழுத்துல தமிழ் வருமில்ல?"

"வரும். எதுக்கு மாமா?"

"நீ சாவிய மட்டும் காட்டு, போதும்."

புரோகிராம் பட்டியலைத் திறந்து பார். 'அப்பா' என்று ஒன்று இருக்கும். நீ படிக்காவிட்டாலும் அது அங்கேதான் உட்கார்ந்திருக்கும்.

வெற்றிச்செல்வன்


சார்செல், பாரிஸ் அருகே
6 அக்டோபர் 2002

அப்பாவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. நான் நலம். அத்தையும் நலம். குளிர் ஆரம்பித்துவிட்டது.

நீங்கள் எழுதி வைத்ததைப் பார்த்தேன். அதன் அளவு இரண்டாயிரத்துச் சொச்சம் பைட். அது எவ்வளவு என்று உங்களுக்குத் தெரிந்தாகவேண்டும்.

இந்த மெஷினில் வேலை செய்ய எனக்கு இருப்பது இருபத்து நாலாயிரம் பைட். ஒரு எழுத்துக்கு ஒரு பைட். இரண்டு வார்த்தைக்கு நடுவே விடுகிற வெற்றிடத்துக்கும் ஒன்று. ஓர் எண்ணுக்கு ஒன்பது. சின்ன எண்ணா பெரிய எண்ணா என்று அது பார்க்காது. ஒரு பௌதிகச் சோதனையில் நூறு அளவுகள் எடுத்தால் தொள்ளாயிரத்துக்கு மேல் போய்விடும். அதனால் எதை ஏற்றுவதற்கு முன்னாலும் அது எவ்வளவு பிடிக்கும், எவ்வளவு மிச்சமிருக்கிறது என்று மனக்கணக்குப் போட்டுக்கொள்வேன். போடாவிட்டால் பரீட்சை நடுவில் இடமில்லை என்று சொல்லி நின்றுவிடும். நடுவழியில் நிற்பது பெரிய பாவம் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

மெனுவிலிருந்து எடுக்கிற கட்டளைச் சொல் எவ்வளவு நீளமானாலும் பெரும்பாலும் ஒரே பைட்தான். அதனால் இருபடிச் சமன்பாட்டைத் தீர்க்கிற என் பழைய புரோகிராமுக்கு நூற்றைம்பது பைட் போதுமாக இருந்தது. நீங்கள் அத்தையின் சுபாவத்தை விவரித்திருக்கிற இடத்தில் அதுபோல மூன்றை வைக்கலாம்.

இன்னொன்றும் சொல்லவேண்டும். உள்ளே இரண்டு இடங்கள் உண்டு. ஒன்று ராம். பேட்டரி மொத்தமும் போனால் அதில் இருப்பதும் போகும். இன்னொன்று ஆர்க்கைவ். அங்கே மாற்றி வைத்தால் பெயருக்கு முன்னால் ஒரு நட்சத்திரம் விழும். எல்லா பேட்டரியையும் பிடுங்கினாலும் அழியாது என்று கூட வந்த புத்தகத்தில் போட்டிருக்கிறது. சோதித்துப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. உங்கள் கட்டுரையை அங்கே வைக்கும் உத்தேசமும் இல்லை.

நேற்று உங்கள் பெயர்மேல் நிறுத்தி, அழிக்கும் சாவியை அழுத்தினேன். 'நிச்சயமாகவா? ஒன்று: இல்லை. இரண்டு: ஆம்' என்று கேட்டது. அதற்குள் அத்தை சாப்பிடக் கூப்பிட்டாள். இடம் தேவைப்படும்போது இரண்டை அழுத்துவேன்.

அமிர்தவல்லி


உப்பளம், புதுச்சேரி
2 நவம்பர் 2002

கண்ணு,

யாரைக் கேட்டு 'நீங்கள்' என்று எழுதினாய்? நான் என்ன மின்துறை அதிகாரியா? கடிதத்தைப் படித்த உன் அம்மா, "யாருக்கோ வந்தத பிரிச்சுட்டியா?" என்று கேட்டாள்.

போகட்டும். உன் பைட் பாடம் நன்றாகப் புரிந்தது. இத்தனை தெளிவாக எனக்கு அன்றைக்கு யாராவது சொல்லிக் கொடுத்திருந்தால் நான் டெம்போவை வேடிக்கை பார்த்திருப்பேன், ஓட்டியிருக்கமாட்டேன். ஆனால் அதில் ஓர் அநியாயம் இருக்கிறது. சின்ன எண்ணுக்கும் ஒன்பது, பெரிய எண்ணுக்கும் ஒன்பது என்றால் என்ன நியாயம்? நானாக இருந்தால் ஒல்லியான ஆள் பக்கத்தில் ஒல்லியான ஆளை உட்காரவைத்து, நடுவில் ஒரு பள்ளிக்கூடப் பிள்ளையைச் செருகி, இன்னொருத்தரைப் பின்னால் தொங்கவிட்டிருப்பேன். உன் மெஷினைச் செய்தவர்கள் அரியாங்குப்பம் ரூட்டில் ஒரு நாள் வந்திருக்கவேண்டும்.

நீயே வாய்விட்டுச் சொன்ன ஒரு சங்கதியைப் பிடித்துக்கொள்கிறேன். நட்சத்திரம் போட்டு வைத்தால் அழியாதாமே? அப்படியானால் பூட்டு இருந்தும் நீ பூட்டவில்லை, நான் திறந்துவிட்டேன். ஆளுக்குப் பாதி. இனிமேல் அழுவதானால் உன் பாதிக்கு மட்டும் அழு.

என் இரண்டாயிரத்தைச் சுருக்கி எழுதித் தருவேன் என்று நினைக்காதே. நூரீன் அப்போதே சொன்னாள், "மாமா, நடுவுல இடம் விடாம சேத்து எழுதுங்க, மிச்சமாவும்" என்று. இடம் விட்டுத்தான் எழுதினேன். மூச்சு விடாமல் பேச எனக்கு வராது. உனக்கு வண்டி நிறைந்துவிட்டால் என்னை மொத்தமாக இறக்கிவிடு. ஆற்றுப் பாலத்தில் இறக்கிவிட்டாலும் நடந்தே வீடு வந்து சேருகிற ஆள் நான்.

சாப்பிடு. குளிருக்கு அத்தையின் பழைய கோட்டைப் போட்டுக்கொள்ள வெட்கப்படாதே.

அப்பா


சார்செல்
29 ஜனவரி 2003

அப்பா,

அத்தை போனில் சொல்லியிருப்பாள். அவள் சொன்னதில் பாதி அழுகையாக இருந்திருக்கும். அதனால் நடந்ததை நான் எழுதுகிறேன்.

பள்ளிப் படிப்பை முடிக்கிற பாக் பரீட்சைக்கு முன்னால் பள்ளியில் ஒரு மாதிரிப் பரீட்சை வைத்தார்கள். ஆரம்பிக்கும்போது கணக்கு மதாம், எல்லோரும் கால்குலேட்டரில் ராமை அழித்துவிடுங்கள் என்றார். அழித்தேன். அக்டோபரிலிருந்து நான் திரும்ப எழுதியதெல்லாம் போயிற்று. அதற்கு நான் வருத்தப்படவில்லை, இந்த முறை தாளில் படி எடுத்து வைத்திருக்கிறேன். பிறகு மதாம் ஒவ்வொரு மேசையாக வந்து, மெமரிப் பட்டியலைத் திறக்கச் சொல்லிப் பார்த்தார். எல்லோர் திரையும் காலி. என்னுடையதில் மட்டும் ஒரே ஒரு வரி இருந்தது. முன்னால் ஒரு நட்சத்திரத்தோடு.

ராமில் இடம் தேவைப்பட்டது. அதற்காகத்தான் மாற்றி வைத்தேன். வேறு காரணம் கிடையாது.

மதாம் அதைத் திறக்கச் சொல்லிப் பார்த்தார். திரை திரையாக எழுத்து. "இது என்ன மொழி?" என்றார். தமிழ் என்றேன். "யார் எழுதியது?" அப்பா என்றேன். "கணக்குப் பரீட்சைக்கு உன் அப்பா எதற்கு வந்தார்?" வகுப்பு முழுக்கச் சிரித்தது. கால்குலேட்டரை வாங்கி வைத்துக்கொண்டார்கள்.

மறுநாள் பள்ளி இயக்குநர் அறைக்குக் கூப்பிட்டார்கள். சங்கேத எழுத்தில் பாடக் குறிப்புகளை ஒளித்து வைத்திருந்தேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டுமாம். அவர்கள் கண்முன் அதை அழிக்க வேண்டுமாம். இந்தப் பரீட்சைக்கு மட்டும் பூஜ்யம் போட்டு விஷயத்தை முடித்துக்கொள்வார்களாம். இல்லையென்றால் ஒழுங்குக் குழு. அது எனக்கு எதிராக முடிந்தால் 'ஏமாற்றினாள்' என்று என் பதிவேட்டில் ஏறும். அப்படி ஏறிவிட்டால் நான் விண்ணப்பித்திருக்கும் எஞ்சினியரிங் ஆயத்த வகுப்பு என் பெயரைக்கூடப் படிக்காது.

படித்தாலும் தப்பாகத்தான் படிப்பார்கள். இங்கே எல்லோருக்கும் நான் 'அம்ரிதாவாலி'. திருத்தித் திருத்தி அலுத்துப்போய் விட்டுவிட்டேன்.

என்ன எழுதியிருக்கிறது என்று மொழிபெயர்க்கச் சொன்னார்கள். அது எனக்கு எழுதியது, பரீட்சைக்கு எழுதியதில்லை, சொல்லமாட்டேன் என்றேன். அதுதான் இயக்குநருக்கு ரொம்பக் கோபம்.

"கையெழுத்து போட்டுட்டு வாடி. வந்த எடத்துல எதுக்கு வம்பு?" என்று அத்தை தினமும் சொல்கிறாள். நான் மாட்டேன் என்று தினமும் சொல்கிறேன். குழு மார்ச் நாலாம் தேதி கூடுகிறது.

நீ என்ன சொல்கிறாய்?

அமிர்தா


உப்பளம்
10 பிப்ரவரி 2003

கண்ணு,

கையெழுத்துப் போடாதே. இதை முதலில் எழுதிவிட்டேன். மீதியை மெதுவாகப் படி.

உன் அத்தை போனில், "ஒரு மன்னிப்புக் கடிதாசி பிரெஞ்சுல எழுதி அனுப்புடா. பொண்ணு படிப்பு கெட்டுடும்" என்றாள். "அக்கா, நான் பிரெஞ்சுல எழுதினா அதுக்குன்னு தனியா ஒரு மன்னிப்பு கேக்க வேண்டி வரும்" என்றேன். போனை வைத்துவிட்டாள். உன் பிடிவாதம் எங்கிருந்து வந்தது என்று இப்போது தெரிகிறதா? என்னிடமிருந்து இல்லை. நான் சாது.

பயமில்லையா என்று கேட்டால், இருக்கிறது. உன் கடிதம் வந்த அன்றைக்கு ஸ்டேடியம் பக்கத்தில் வண்டியை ஓரங்கட்டி உட்கார்ந்துவிட்டேன். ஏறி உட்கார்ந்திருந்த மீன்காரம்மா மணியம்மாள், "என்னா டிரைவரே, வண்டி நின்னுச்சா, நீ நின்னியா?" என்றாள். நான்தான் நின்றுவிட்டேன். அழித்துவிடு, கையெழுத்துப் போட்டுவிடு, வேறொன்று எழுதித் தருகிறேன் என்றுதான் முதலில் வாயில் வந்தது. இரண்டாயிரம் எழுத்து என்ன பெரிய சொத்தா? ஆனால் செய்யாததைச் செய்தேன் என்று எழுதிக் கொடுத்த தாள் இருக்கிறதே, அது அழியாது. அதில் கழற்றுவதற்கு ஒரு பேட்டரியும் கிடையாது.

ஆகவே நான் என் பங்குக்கு ஒரு சாட்சி அனுப்புகிறேன். உன் தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த தயவில் நானும் இங்கே பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில்தான் படித்தேன். பத்தாவது மாதிரியான ப்ரவே பரீட்சையில் கணக்கில் இருபதுக்கு மூன்று வாங்கினேன். அந்த மதிப்பெண் தாளை உன் அம்மா பத்திரப்படுத்தி வைத்திருக்கிறாள், வீட்டில் சண்டை வந்தால் எடுத்துக் காட்டுவதற்கு. அதை நகல் எடுத்து இதோடு வைத்திருக்கிறேன். கூடவே பிரெஞ்சில் நாலு வரி: 'அந்த எழுத்தை எழுதியவன் நான். அதில் கணக்கு எதுவும் இல்லை. அப்படி இருந்தாலும் அது தப்பான கணக்காகவே இருக்கும். ஆதாரம் இணைத்துள்ளேன்.' பிழைகள் இருக்கும். நீ திருத்தாதே. பிழைதான் நான் எழுதியது என்பதற்கு அத்தாட்சி.

மொழிபெயர்ப்பு விஷயம். உன்மேல் சந்தேகம் வைத்தவர்களுக்கு நீயே அர்த்தம் சொன்னால் அதிலும் சந்தேகப்படுவார்கள். உனக்குச் சம்மதமானால் அத்தையைக் கூட்டிக்கொண்டு போ. முப்பது வருஷம் அந்த ஊரில் இருக்கிறவள், அவள் படித்துச் சொல்லட்டும். அவளைப் பற்றி நான் எழுதியதை அவளே படிக்கவேண்டி வரும். அதற்கு விழுகிற அடியை நான் வாங்கிக்கொள்கிறேன். நடுவில் கடல் இருக்கிறது.

உனக்குச் சம்மதமில்லை என்றால் வேண்டாம். அது உன்னுடையது.

அப்பா

பி.கு.: இடம் தேவைப்பட்டதால்தான் நட்சத்திரம் போட்டாய் என்று எழுதியிருக்கிறாய். சரி சரி. நான் ஒன்றும் கேட்கவில்லையே.


சார்செல்
5 மார்ச் 2003

அப்பா,

நேற்று நடந்ததை நீ பார்த்திருக்கவேண்டும்.

நீள மேசை. இயக்குநர், கணக்கு மதாம், இன்னும் மூன்று பேர். மேசைமேல் என் கால்குலேட்டர், திருட்டு வழக்கில் பிடித்த கத்தி மாதிரி. அத்தை கல்யாணத்துக்குப் போகிற பட்டுப் புடவையை உடுத்திக்கொண்டு, மேலே கோட்டுப் போட்டு வந்திருந்தாள். வருகிற வழியெல்லாம், "இப்பவும் ஒண்ணும் கெட்டுப் போவல, கையெழுத்து போட்டுடு" என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

முதலில் நான் பேசினேன். பைட் கணக்கை வைத்தே பேசினேன். இந்த வருடத்துப் பாடத்துக்கு வேண்டிய சூத்திரம் அத்தனையையும் ஆயிரம் பைட்டுக்குள் அடக்கிவிடலாம், வேண்டுமானால் இப்போதே செய்து காட்டுகிறேன் என்றேன். குறிப்பு ஒளிக்கிறவள் இரண்டாயிரம் பைட்டை எழுத்து எழுத்தாக, வார்த்தைக்கு வார்த்தை வெற்றிடம் விட்டு வீணாக்குவாளா என்று கேட்டேன். மதாம் பேனாவைக் கீழே வைத்தார்.

பிறகு உன் மதிப்பெண் தாள் கைமாறிக் கைமாறிப் போனது. மதாம் அந்த மூன்றைப் பார்த்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். இயக்குநர் மட்டும் சிரிக்கவில்லை. "எழுத்தில் என்ன இருக்கிறது என்று தெரியாமல் முடிவு சொல்ல முடியாது" என்றார். நான் கால்குலேட்டரை அத்தையிடம் கொடுத்தேன்.

அத்தை மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, ஒரு வரியைத் தமிழில் படிப்பதும் அதைப் பிரெஞ்சில் சொல்வதுமாக ஆரம்பித்தாள். 'அப்பா எழுதுவது. உன் புரோகிராமெல்லாம் என்னால் போச்சு. மன்னிப்பு கேக்க மாட்டேன். கேட்டா நீ அழுவ.' அதுவரைக்கும் குரல் சரியாக இருந்தது. 'அத்தை வீட்டு ஃபிரிஜ்ஜைக் கேக்காமத் திற. திட்டுவா. திட்டட்டும். எங்கம்மா செத்தப்ப எனக்கு ஆறு வயசு. இவ திட்டித் திட்டித்தான் எனக்குச் சோறு ஊட்டினா. அவ திட்டலன்னாதான் நீ பயப்படணும்.'

அத்தை அங்கேயே நிறுத்திவிட்டாள். இயக்குநர், "மதாம், தொடருங்கள்" என்றார். "தொடர்றேன், இருய்யா" என்று தமிழிலேயே அவரை அதட்டினாள். கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி படித்தாள்.

'உன் பேரை யாராச்சும் தப்பாக் கூப்பிட்டா திருத்து. ஒவ்வொரு தடவையும் திருத்து. அலுத்துப் போச்சுன்னு விட்டா அவங்க வச்சதுதான் உன் பேரு.'

முழுவதையும் படித்து முடித்ததும் அத்தை கால்குலேட்டரை மேசைமேல் வைத்தாள். "என் தம்பி ஒரு கழுதை. ஆனால் கழுதைக்குக் கணக்கு தெரியாது. இவளும் திருடி இல்லை. யாரும் எதிலும் கையெழுத்துப் போடமாட்டோம்" என்று பிரெஞ்சில் சொன்னாள். எங்களை வெளியே உட்காரவைத்தார்கள். அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டே, "ஃபிரிஜ்ஜப் பத்தி என்னாடி எழுதியிருக்கான் அவன்!" என்றாள்.

பதிவேட்டில் எதுவும் ஏறாது. பூஜ்யமும் கிடையாது, அந்தப் பரீட்சையை நான் தனியாக எழுதவேண்டும். இயக்குநர் கால்குலேட்டரைத் திருப்பிக் கொடுத்து, "இனி கவனமாக இருங்கள், மத்மசெல் அம்ரிதாவாலி" என்றார்.

"அமிர்தவல்லி" என்றேன்.

மூன்று தடவை சொல்லவைத்தேன், அப்பா. மூன்றாவது தடவை கிட்டத்தட்ட வந்துவிட்டது.

அமிர்தவல்லி


உப்பளம்
22 மார்ச் 2003

கண்ணு,

உன் அத்தை போன் பண்ணித் திட்டினாள். ஐஎஸ்டி கட்டணத்தைப் பற்றிய கவலையே இல்லாமல் திட்டினாள். கடைசியில், "ஏண்டா, நான் ஊட்டினது உனக்கு ஞாபகமிருக்கா?" என்று கேட்டுவிட்டு, பதில் சொல்வதற்குள் வைத்துவிட்டாள்.

உன் கடிதத்தை நூரீனிடம் படித்துக் காட்டினேன். பிறகு ஹாஜா பாயிடம். பிறகு மணியம்மாளிடம், வண்டியில். "அந்தப் பள்ளிக்கூடத்து எசமான் பேரு என்னாவாம்? நாம சரியாச் சொல்லுவமா?" என்று கேட்டாள். நியாயமான கேள்வி. கேட்டு எழுது, பழகிக்கொள்கிறோம்.

இருபதுக்கு மூன்று வாங்கியதில் எனக்கு இப்போது கொஞ்சம் தலைக்கனம் வந்துவிட்டது. பத்து வாங்கியிருந்தால் உன் கதி என்ன?

பாக் பரீட்சைக்கு முன்னால் பேட்டரி மாற்றிக்கொள். எப்படி மாற்றக்கூடாது என்று உனக்குத் தெரியும். இப்போதும் மன்னிப்புக் கேட்கவில்லை என்பதைக் கவனித்துக்கொள்.

அப்பா


சார்செல்
8 ஜூலை 2003

அப்பா,

பாஸ். கணக்கில் இருபதுக்குப் பதினெட்டு. உன்னுடையதையும் சேர்த்தால் நம் வீட்டுக்கு இருபத்தொன்று. ஆயத்த வகுப்பிலும் இடம் கிடைத்துவிட்டது. பட்டியலில் என் பெயரில் ஒரு எழுத்து குறைந்திருந்தது. போய்த் திருத்திவிட்டு வந்தேன்.

ரிசல்ட் வந்த சாயங்காலம் சமையலறை மேசையில் கால்குலேட்டரைக் கவிழ்த்துப் போட்டு, பின்மூடியைத் திறந்தேன். நாலு பேட்டரியையும் கழற்றினேன். பிறகு அந்தப் பொத்தானையும் கழற்றினேன். பெட்ரோல் கிடைக்கவில்லை, அத்தையின் முந்தானையால் துடைத்தேன்.

"ஏண்டி, உங்கப்பன் புத்தி உனக்கும் வந்துடுச்சா? இவ்ளோ நாள் உக்காந்து எழுதினதெல்லாம் போயிடுமேடி!" என்று அத்தை கத்தினாள்.

"போவட்டும் அத்தை. திரும்ப எழுதிக்கலாம்."

குழாயடியில் இருந்த பாத்திரம் முழுவதையும் அத்தை கழுவி முடிக்கும்வரை அப்படியே திறந்து போட்டு வைத்தேன். பிறகு பேட்டரிகளைப் போட்டு, பட்டனை அழுத்தினேன். 'ராம் கிளியர்டு' என்று வந்தது. உன் நற்சான்றிதழ். புரோகிராம் பட்டியலைத் திறந்து, நட்சத்திரம் போட்ட வரியைத் தேடினேன்.

அத்தை ஈரக்கையோடு வந்து கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு, என் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள்.

"இருக்கானா?"

"இருக்காரு."

அமிர்தவல்லி